கூட்டத்தைக் கூட்டியவரை யார் கேட்பது?

தள்ளுபடிக் கடையில் ஜனங்கள் முட்டி மோதும் வீடியோ வந்தாலே கீழே ஒரே மாதிரி கமெண்ட்தான். "சல்லிசா கிடைச்சா உயிரையும் விடுவானுங்க." படிக்கப் படிக்கக் கோபம் வருகிறது. கூட்டத்தைத் திட்டுகிறவர்கள், கூட்டத்தைக் கூட்டியவரை ஒரு வார்த்தை கேட்பதில்லை.

2008 நவம்பர் 28, அமெரிக்காவில் பிளாக் ஃபிரைடே, அதாவது கடைகள் பெரும் தள்ளுபடி தரும் நாள். நியூயார்க் மாநிலம் வேலி ஸ்ட்ரீமில் இருக்கும் வால்மார்ட்டில் காலை 5 மணிக்கு விற்பனை. இருட்டிலேயே சுமார் 2,000 பேர் திரண்டுவிட்டார்கள். பொருளாதாரம் சரிந்துகிடந்த வருஷம் அது. திறக்கும் நேரத்தில் நெரிசல் தாங்காமல் கதவு பெயர்ந்தது. வாசலில் நின்ற 34 வயது தற்காலிக ஊழியர் மிதிபட்டு, மூச்சுத் திணறிச் செத்துப்போனார். ஆள் வாட்டசாட்டமாக இருந்ததால்தான் அவரை அங்கே நிறுத்தினார்கள், கூட்டத்தைச் சமாளிக்கப் பயிற்சி எதுவும் தரவில்லை என்றார் குடும்பத்தின் வழக்கறிஞர்.

கடையை மூடுகிறோம் என்றதும், "நேற்றிலிருந்து வரிசையில் நிற்கிறோம்" என்று கத்தியவர்களும் இருந்தார்கள். அதற்கு நான் சமாதானம் சொல்லமாட்டேன். ஆனால் அதே கடையை அன்று மதியமே மறுபடி திறந்தார்களே, அதற்கு என்ன சமாதானம்?

தொழிலிடப் பாதுகாப்பைக் கவனிக்கும் அமெரிக்க அரசு அமைப்பான ஓஷா விதித்த அபராதம் 7,000 டாலர். வால்மார்ட்டுக்கு அது ஒரு காசே இல்லை. இருந்தும் பல வருஷம் வழக்காடியது. இப்படி ஓர் ஆபத்து வரும் என்று தெரிந்திருக்க வேண்டும் என ஒப்புக்கொள்ள அதற்கு மனமில்லை. தெரியாமல் எப்படி இருக்கும்? விலையை அடிமட்டத்துக்குக் குறைத்து, சரக்கைக் கொஞ்சமாக வைத்து, இத்தனை மணிக்குத்தான் கதவு என்று விளம்பரம் செய்தால், பின்னால் நிற்பவர் தள்ளத்தான் செய்வார். முன்னால் யார் விழுந்தார் என்பது அவர் கண்ணுக்கே தெரியாது.

பிறகு ஓஷா கடைகளுக்குச் சொன்ன யோசனைகள் ரொம்ப எளிமையானவை: வாசலிலிருந்து தள்ளித் தடுப்பு வைத்து வரிசை, பயிற்சி பெற்ற ஆட்கள், குறைவாக உள்ள பொருளுக்கு முன்கூட்டியே டோக்கன்.

நம்மூரில் "முதலில் வரும் 100 பேருக்கு ஒரு ரூபாய்க்குச் சட்டை" என்று கடை திறக்கிறார்கள். ரோடு அடைத்துக்கொள்கிறது, போலீஸ் லத்தியோடு வருகிறது, அடி வாங்குவது ஜனங்கள். கடைக்காரருக்கு இலவச விளம்பரம்.

இப்படி அறிவிக்கிறவர் முந்தின நாளே டோக்கன் கொடுத்து முடித்திருக்க வேண்டும். கொடுக்கவில்லை என்றால் அன்று கடை திறக்கக்கூடாது. யாருக்காவது காயம் பட்டால் வழக்கு முதலாளி பேரில் பதிவாக வேண்டும், வாசலில் நிற்கும் செக்யூரிட்டி அண்ணன் பேரில் அல்ல.