பெசண்ட் தீவு யாருக்கும் சொந்தமில்லாத இடமா?

பிரான்சின் தென்மேற்கு எல்லையில் உள்ள ஆந்தாய் என்ற சிற்றூரைப் பற்றி ஒரு வாட்ஸ்அப் தகவல் சுற்றுகிறது. அதன் அருகே பிடாசோவா ஆற்றில் உள்ள பெசண்ட் தீவு எந்த நாட்டுக்கும் சொந்தமில்லையாம், யார் வேண்டுமானாலும் குடியேறலாமாம். ஹிட்லரும் ஸ்பெயின் சர்வாதிகாரி பிராங்கோவும் சந்தித்ததும் அங்கேதானாம்.

மூன்றுமே தவறு. தீவு பிரான்சுக்கும் ஸ்பெயினுக்கும் கூட்டாகச் சொந்தம். பிப்ரவரி முதல் ஜூலை வரை ஸ்பெயின் நிர்வகிக்கிறது, ஆகஸ்ட் முதல் ஜனவரி வரை பிரான்ஸ். இந்த ஆறு மாத முறை 1901 ஒப்பந்தத்தில் எழுதப்பட்டிருக்கிறது. யாரும் எடுத்துப் படித்துப் பார்க்கலாம். மரங்களும் ஒரு நினைவுத்தூணும் தவிர அங்கே எதுவும் இல்லை. யாரும் வசிக்கவில்லை, நினைத்தபோது கால் வைக்கவும் முடியாது.

உண்மை வரலாறே போதுமான அளவு சுவையானது. இரு நாடுகளின் நீண்ட போரை முடித்த பிரனீஸ் உடன்படிக்கை 1659 நவம்பர் 7 அன்று இந்தத் தீவில்தான் கையெழுத்தானது. மறு ஆண்டு பிரெஞ்சு மன்னர் பதினான்காம் லூயிக்கு மணமுடிக்க ஸ்பெயின் இளவரசி மரியா தெரேசாவை ஒப்படைத்ததும் இங்கேதான்.

சரி, ஹிட்லர்? அந்தச் சந்திப்பு 1940 அக்டோபர் 23 அன்று ஆந்தாய் ரயில் நிலையத்தில் நடந்தது. ஹிட்லரின் ரயில் பெட்டியிலேயே பேசினார்கள். அதன் பிறகும் ஸ்பெயின் அதிகாரபூர்வமாகப் போரில் இறங்கவில்லை.

அந்தத் தகவல் உங்களுக்கு வந்தால் தயவுசெய்து மேலே அனுப்பாதீர்கள். அனுப்பியவரிடமும் இதைச் சொல்லுங்கள்.