ஆளைக் காணோம் என்று சிரித்தவர்களுக்கு

சனிக்கிழமை பாளையங்கோட்டைக் கூட்டத்தில் நடந்ததைப் பற்றி எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். அந்தக் காணொளியை ஆளாளுக்குப் பகிர்ந்து சிரிப்பதைப் பார்த்த பிறகு மனம் கேட்கவில்லை.

நடிகை காளீஸ்வரி சீனிவாசன் பெயர் வந்ததும், "ஒரு படத்தோடு ஆளையே காணோமே" என்றார் பேச்சாளர். அரங்கமே சிரித்தது.

எது அந்த ஒரு படம்? 2015இல் கான் திரைப்பட விழாவில் தங்கப் பனை விருது வாங்கிய 'தீபன்'. ஜாக் ஓடியார் இயக்கிய பிரெஞ்சுப் படம்; ஆனால் அதில் பெரும்பாலும் ஒலிப்பது தமிழ். நாயகனாக நடித்த ஷோபாசக்தியைப் பற்றி அன்று நெடுநேரம் பேசினீர்கள். பேசப்பட வேண்டியவர்தான். அவருக்கு இணையாகப் படத்தைச் சுமந்த பெண்ணுக்கு உங்களிடம் கிடைத்தது சிரிப்பு.

படத்தின் தொடக்கத்தில் இலங்கை அகதி முகாமில் காளீஸ்வரி நடித்த யாழினி தாய் தகப்பன் இல்லாத ஒரு குழந்தையைத் தேடி அலைகிறாள். பாசத்தால் அல்ல. இறந்துபோன ஒரு குடும்பத்தின் கடவுச்சீட்டில் தப்பிக்க ஒரு சிறுமி வேண்டும். ஒவ்வொருவரிடமாகக் கேட்டுக்கொண்டே போகும் அந்த முகத்தில் இரக்கமும் இல்லை, கொடுமையும் இல்லை. எப்படியாவது உயிர் பிழைக்க வேண்டும் என்ற வெறி மட்டும்தான். சென்னை நாடக மேடையிலிருந்து போன, சினிமாவுக்குப் புதிய ஒருவர் நடித்தது அது.

அவருடைய ஈழத் தமிழ் பொருந்தவில்லை என்பீர்கள். சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன், அது விமர்சனம். வெளிநாட்டுக்காரன் மெச்சியதால்தான் நீயும் மெச்சுகிறாய் என்பீர்கள். விருதே கிடைக்காமல் போயிருந்தாலும் இதைத்தான் எழுதியிருப்பேன். சென்னைப் பெண்ணுக்குத் திருநெல்வேலியில் என்ன வக்காலத்து என்று கேட்பவர்களுக்குப் பதிலே கிடையாது.

என் சித்தி கோயில் கொடை விழாக்களில் வில்லுப்பாட்டுப் பாடியவர். அவர் வீசுகோலை ஓங்கி அடித்தால் வில்லில் கட்டிய மணிகள் குலுங்கும் சத்தம் கீழத்தெரு வரை கேட்கும். மாப்பிள்ளை வீட்டார் மேடை ஏறுகிற பெண் என்று முகம் சுளித்தார்கள். பாட்டை விட்டால்தான் கல்யாணம் என்றார்கள். விட்டார். சில வருடங்கள் கழித்து அவரைச் சந்தித்த ஊர்க்காரர்கள் கேட்டது என்ன தெரியுமா? "இப்போதெல்லாம் உன்னைக் கொடையில் காணோமே!"

கணியான் கூத்தில் ஆண்கள் பெண் வேடம் கட்டி ஆடினால் விடிய விடிய உட்கார்ந்து பார்க்கிறோம். பார்க்க வேண்டிய கலைதான், எனக்கும் உயிர். ஒரு பெண் தானே மேடை ஏறினால் மட்டும் ஏன் அவள் எத்தனை நாள் நிற்கிறாள் என்று கணக்குப் பார்க்கிறோம்? ஒருத்தியை அடுப்படிக்குள் அனுப்பிவிட்டு, காணோம் என்று நாமே தேடுவது என்ன நியாயம்? சுவரொட்டிகளை எண்ணித்தான் நடிப்பை அளப்பீர்களா?

சிரித்தவர்களில் எத்தனை பேர் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறீர்கள்? என்னோடு சண்டைக்கு வர நினைப்பவர்கள் தாராளமாக வரலாம். படத்தை முழுதாகப் பார்த்துவிட்டு வாருங்கள்.