தகரமனிதன் மேக்கப்பில் பட்டி எப்சன் இறந்தாரா?

'தி விசார்ட் ஆஃப் ஓஸ்' (1939) படத்தில் தகரமனிதனாக நடிக்க வந்த பட்டி எப்சன், மேக்கப் விஷமாகி இறந்துபோனார் என்று ஒரு தகவல் சுற்றுகிறது. பாதி உண்மை, முடிவு பொய்.

1938 அக்டோபரில் படப்பிடிப்பு தொடங்கியது. முகத்தில் வெள்ளைப் பூச்சு. அதன்மேல் உலர்ந்த அலுமினியப் பொடியைத் தூவினார்கள். கோளாறு அங்கேதான். தோலில் ஒட்டாத பொடி காற்றில் பறந்து, மூச்சோடு நுரையீரலுக்குள் போய்ப் படிந்தது. சில நாட்களிலேயே தசைப்பிடிப்பு, மூச்சுத் திணறல். மருத்துவமனையில் ஆக்சிஜன் கொடுக்க வேண்டியதாயிற்று.

படத்தைத் தயாரித்த எம்ஜிஎம் நிறுவனம் காத்திருக்கவில்லை. அவருக்குப் பதிலாக நடிகர் ஜாக் ஹேலியை அழைத்தது. ஹேலிக்கு அதே அலுமினியத்தைப் பசையாகக் குழைத்துப் பூசினார்கள், பொடி பறக்கவில்லை. ஆனாலும் அவருக்குக் கண்ணில் தொற்று வந்தது, அது வேறு கதை.

எப்சன் பிழைத்தார். இதே படத்தில் சோளக்கொல்லைப் பொம்மை வேடத்துக்குத்தான் முதலில் தேர்வானவர். அந்த வேடத்தை விரும்பிய நடிகர் ரே போல்ஜருக்காக மாற்றிக்கொண்டதில் வந்த வினை இது! முன்பே ஒலிப்பதிவான கூட்டுப்பாடலில் அவர் குரல் இன்றும் படத்தில் இருக்கிறது.

'இறந்த' அந்த மனிதர்தான் 1961இல் 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபனிஸ்' படத்தில் டாக் கோலைட்லியாக வந்தார். 1962 முதல் 1971 வரை 'தி பெவர்லி ஹில்பில்லீஸ்' தொடரில் ஜெட் கிளாம்பெட். 1973 முதல் 1980 வரை துப்பறிவாளர் பார்னபி ஜோன்ஸ். இறந்தது 2003 ஜூலை 6, கலிபோர்னியாவின் டாரன்ஸில், 95 வயதில். ஹேலி 1979இலேயே காலமாகிவிட்டார்.