கணக்கு யாரிடம் கேட்கிறோம்?

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் நாஜிகள் யூதர்களைக் கொன்று குவித்த ஹோலோகாஸ்ட் பற்றிப் பேச்சு வந்தால் முதலில் வரும் கேள்வி பெரும்பாலும் இதுதான்: "அத்தனை லட்சம் பேர் இருந்தும் ஏன் எதிர்த்து நிற்கவில்லை? சொன்னதும் வரிசையில் நின்று ரயில் ஏறிவிட்டார்களே?" அடுத்து, "யூதர்களிலேயே சிலர் போலீஸாக இருந்து சொந்த ஜனத்தைப் பிடித்துக் கொடுத்தார்களாமே?" ஜெர்மன்காரன் பக்கம் பேச்சு திரும்பும்போது மட்டும் குரல் இளகிவிடும். "மேலிடத்து உத்தரவு. மாட்டேன் என்றால் அவனையே சுட்டிருப்பார்கள். அவன்தான் என்ன செய்வான், பாவம்."

இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். கழுத்தில் கத்தி வைக்கப்பட்டவனிடம் கணக்கு கேட்கிறோம். கத்தியைப் பிடித்தவனுக்காகச் சமாதானம் சொல்கிறோம். அந்தக் காலத்தில் வாழ்ந்தவர்கள் தங்கள் வீட்டையும் பிள்ளைகளையும் பற்றி, தாங்கள் செய்ததையும் செய்யாமல் விட்டதையும் பற்றி எழுதியவற்றைப் படிக்கப் படிக்க இந்தக் கோபம் கூடிக்கொண்டேதான் போகிறது. தேர்ந்தெடுக்க வழியே இல்லாதவர்கள் கடைசிவரை தங்களைத் தாங்களே விசாரித்துக்கொள்கிறார்கள். வழி இருந்தவர்கள் அந்தக் கேள்வியின் பக்கமே போவதில்லை. சில புத்தகங்களை வைத்தே சொல்கிறேன்.

காலெல் பெரெகோத்னிக் போலந்து நாட்டு யூதர். வார்சாவுக்குப் பக்கத்தில் ஓட்வோட்ஸ்க் என்ற ஊர். பிரான்சில் துலூஸ் நகரத்தில் வேளாண்மை படித்துவிட்டு வந்தவர். ஊர் யூதர்களையெல்லாம் கெட்டோ என்ற தனி அடைப்புப் பகுதிக்குள் அடைத்த பிறகு, 1941 இல், யூதர்களைக் கொண்டே அமைத்த கெட்டோ போலீஸில் சேர்ந்தார். போலீஸ் தொப்பி இருந்தால் கட்டாய வேலை முகாமுக்குப் பிடித்துப் போக மாட்டார்கள், குடும்பம் பிழைக்கும் என்று நினைத்தார். 1942 ஆகஸ்ட் 19 அன்று கெட்டோவைக் காலி செய்ய வந்தார்கள். எல்லோரும் மைதானத்துக்கு வர வேண்டும், ஆனால் போலீஸ்காரர்களின் மனைவி மக்களுக்கு ஒன்றும் ஆகாது என்று வாக்குக் கொடுத்தார்கள். பெரெகோத்னிக் நம்பினார். மனைவியையும் இரண்டு வயது மகளையும் தானே அழைத்துக்கொண்டு போய் மைதானத்தில் விட்டார். அன்றைக்கே அந்த இருவரையும் சேர்த்து ரயில் பெட்டிக்குள் அடைத்தார்கள். அந்த ரயில் போன இடம் ட்ரெப்ளிங்கா, ஆட்களைக் கொல்வதற்கென்றே கட்டிய முகாம்.

அடுத்த வருடம், வார்சாவில் ஒளிந்திருந்த இடத்தில் உட்கார்ந்து அவர் எல்லாவற்றையும் எழுதினார். போர் முடிவதற்குள், 1944 இல், அவரும் இறந்துபோனார். கையெழுத்துப் பிரதி மட்டும் பிழைத்தது. ஐம்பது வருடம் கழித்து, 'நான் ஒரு கொலைகாரனா?' என்ற தலைப்பில் புத்தகமாக வந்தது. அதில் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள ஒரு வரி கூட இல்லை. ஜெர்மானியர்களை ஏசுகிறார், போலந்துக்காரர்களை ஏசுகிறார், யூதத் தலைவர்களை ஏசுகிறார். எல்லோரையும்விட அதிகமாகத் தன்னை ஏசுகிறார். நடுநடுவே கதையை நிறுத்திவிட்டு, செத்துப்போன மனைவியோடு நேராகப் பேச ஆரம்பித்துவிடுகிறார். எனக்குப் புத்தகத்தை மூடிவைத்துவிட்டுத்தான் அடுத்த பக்கத்துக்குப் போக முடிந்தது.

அவர் நல்லவரா கெட்டவரா என்று என்னைக் கேட்காதீர்கள். போலீஸில் சேர்ந்தார், மற்றவர்களின் குடும்பங்களை மைதானத்தில் காவல் காத்தார். அது உண்மை. அவர் போலீஸில் சேராமல் இருந்திருந்தாலும் அந்த ரயில் வந்திருக்கும், மகள் அதில் ஏற்றப்பட்டிருப்பாள். அதுவும் உண்மை. பொய் வாக்குக் கொடுத்தவன் ஒருத்தன் இருக்கிறான், ரயிலைக் கொண்டுவந்து நிறுத்தியவன் ஒருத்தன் இருக்கிறான். 'நான் கொலைகாரனா' என்று அவர்கள் புத்தகம் எழுதவில்லை.

ஓல்கா லெங்கியெல் கதையும் இதே மாதிரிதான். ட்ரான்சில்வேனியாவில் க்ளூஜ் என்ற ஊர்க்காரர், ஒரு மருத்துவரின் மனைவி. 1944 இல் பெற்றோர், கணவர், இரண்டு மகன்களோடு ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் போய் இறங்குகிறார். பெரிய மகன் வயதுக்கு மீறிய வளர்த்தி. ஆள் பிரிக்கும் இடத்தில் நின்ற மருத்துவர், "இவனுக்குப் பன்னிரண்டுக்கு மேல் இருக்கும் போலிருக்கிறதே" என்கிறார். இல்லை, பன்னிரண்டு ஆகவில்லை என்கிறார் ஓல்கா. சின்னப் பிள்ளை என்றால் கடினமான வேலைக்கு அனுப்ப மாட்டார்கள் என்பது அம்மாவின் கணக்கு. பையனை இடது பக்கம் அனுப்பினார்கள். பேரப்பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளட்டும் என்று தன் அம்மாவையும் ஓல்காவே அவர்களோடு அனுப்பி வைத்தார். இடது பக்கம் போனவர்கள் விஷவாயு அறைக்குப் போனார்கள். போர் முடிந்த கையோடு அவர் எழுதிய 'ஃபைவ் சிம்னீஸ்' தொடங்குவதே, என் பிழை, என் பெரும் பிழை என்றுதான். பிள்ளையின் வயதைச் சரியாகச் சொன்ன ஒரு தாய் தன்னைக் கொலைகாரியாக நினைத்து மிச்ச வாழ்க்கையை வாழ்ந்திருக்கிறாள். இதை நாஜிகளின் குற்றப்பத்திரிகையில் தனியாக ஒரு வரியாகச் சேர்க்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

கிசெல்லா பெர்ல் என்ற மகப்பேறு மருத்துவரும் அங்கே இருந்தார். கர்ப்பிணி என்று தெரிந்தால் தாயும் சாக வேண்டியதுதான். அதனால் ராத்திரியில், மருந்தோ கருவியோ இல்லாமல், வெறும் கையால் கருக்கலைப்பு செய்தார். பிரசவம் பார்த்து வந்தவர், தாயின் உயிரைக் காப்பாற்ற வயிற்றில் இருந்த உயிரை அழித்தார். 1948 இல் அதைப் புத்தகமாகவும் எழுதினார். பிற்பாடு நியூயார்க்கில் ஆயிரக்கணக்கான பிரசவங்கள் பார்த்தார். அவரைப் போய் 'பாவம் செய்தவர்' என்று சொல்லும் தகுதி எவருக்கும் கிடையாது.

சரி, தலைவர்கள்? போலந்தின் லோட்ஸ் நகர கெட்டோவுக்கு ஜெர்மானியர்கள் நியமித்த யூதத் தலைவர் ரும்கோவ்ஸ்கி விஷயத்தில் எனக்கு இவ்வளவு இரக்கம் வருவதில்லை. அதிகாரத்தை ரசித்த மனிதர். கெட்டோவில் புழங்கிய நோட்டில் அவர் கையெழுத்து, தபால்தலையில் அவர் முகம். 1942 செப்டம்பர் 4 அன்று ஜனங்களைக் கூட்டி வைத்து, "உங்கள் பிள்ளைகளை என்னிடம் கொடுங்கள்" என்று கேட்டவர் அவர். பத்து வயதுக்குக் கீழ் உள்ள குழந்தைகள், 65 வயதுக்கு மேற்பட்டவர்கள், நோயாளிகள். இவர்களைக் கொடுத்தால் வேலை செய்யத் தெம்புள்ள மற்றவர்கள் பிழைப்பார்கள் என்று வாதாடினார். 15,000 பேருக்கு மேல் பிடித்துப் போய்க் கொன்றார்கள். ஆனால் மற்ற பெரிய கெட்டோக்கள் எல்லாம் அழிந்த பிறகும் லோட்ஸ் 1944 ஆகஸ்ட் வரை தாக்குப்பிடித்தது. அப்போது சோவியத் படை வார்சாவை நெருங்கி வந்திருந்தது. படை நிற்காமல் முன்னேறியிருந்தால், அறுபது எழுபதாயிரம் பேரைக் காப்பாற்றிய மனிதர் என்று ரும்கோவ்ஸ்கிக்குச் சிலை கூட வைத்திருப்பார்கள். படை நின்றுவிட்டது. அவரும் ஆஷ்விட்ஸில்தான் செத்தார். வார்சா கெட்டோவின் தலைவர் செர்னியாகூஃப் அதே 1942 இல் வேறு மாதிரி முடிவெடுத்தார். ஜனங்களை ரயிலேற்ற ஆரம்பித்த மறுநாள், ஜூலை 23 அன்று, சயனைடு சாப்பிட்டுவிட்டார். அதற்குப் பிறகும் ரயில்கள் போய்க்கொண்டுதான் இருந்தன. ஒத்துழைத்தாலும் செத்தார்கள், மறுத்தாலும் செத்தார்கள்.

ரும்கோவ்ஸ்கியின் பேச்சு ஒரு சின்ன வீட்டுக்குள் என்ன செய்தது என்று பார்க்க வேண்டுமானால் தாவித் சியெராகோவியாக்கின் நாட்குறிப்பைப் படியுங்கள். லோட்ஸ் கெட்டோவில் இருந்த பையன், நன்றாகப் படிப்பவன், எந்நேரமும் பசியில் இருப்பவன். அந்தப் பேச்சுக்கு மறுநாள் மருத்துவர்கள் வீடு வீடாக வந்தார்கள். அவன் அம்மாவைப் பார்த்து, போக வேண்டியவர்கள் பட்டியலில் எழுதிவிட்டார்கள். அம்மா உயிர்ப்பிச்சை கேட்டு வீட்டுக்குள் பைத்தியம் பிடித்த மாதிரி ஓடுகிறாள். அந்த நேரத்தில் அப்பா, வீட்டில் ஒளிந்திருந்த உறவினர்கள் அடுப்பில் விட்டுப்போயிருந்த சூப்பைக் குடித்துக்கொண்டிருக்கிறார். அவர்கள் பையிலிருந்து சர்க்கரையை எடுத்துத் தின்கிறார். பெற்ற அப்பனைப் பற்றி மகன் இதை அப்படியே எழுதி வைத்திருக்கிறான். பசி ஒரு குடும்பத்தை எவ்வளவு தூரம் தின்னும் என்பதை இதைவிடக் கிட்டத்தில் நான் எங்கேயும் படித்ததில்லை. தாவித் அடுத்த ஆகஸ்டில் காசநோயில் செத்துப்போனான். வயது 19. அவன் எழுதிய நோட்டுகளைப் போருக்குப் பிறகு அந்த வீட்டு அடுப்பின் மேல் கண்டெடுத்தார்கள். சில நோட்டுகளைக் குளிர்காய எரித்துவிட்டிருந்தார்கள்.

ஆஷ்விட்ஸிலிருந்து பிழைத்து வந்த இத்தாலிய எழுத்தாளர் பிரிமோ லெவி பற்றி நான் அதிகம் சொல்ல வேண்டியதில்லை, பலர் படித்திருப்பீர்கள். ஆனால் அவர் கடைசிக் காலத்தில், 1986 இல் வெளியிட்ட கட்டுரைத் தொகுப்பில் வரும் தண்ணீர்க் குழாய் சம்பவத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. 1944 ஆகஸ்ட், ஆஷ்விட்ஸில் கொளுத்தும் வெயில், குடிக்கத் தண்ணீர் இல்லை. நிலவறையில் இடிபாடுகளை அள்ளும்போது சுவரோரம் ஒரு குழாய் லெவியின் கண்ணில் படுகிறது. தரையை ஒட்டி அதன் மூடி. திறந்தால் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் வருகிறது, ஒரு லிட்டர் கூட இருக்காது. எல்லோருக்கும் சொல்லலாம், நாளைக்கு வைத்துக்கொள்ளலாம், நண்பன் ஆல்பெர்ட்டோவோடு மட்டும் பங்கு போடலாம். மூன்றாவதைச் செய்கிறார். இருவரும் மாறி மாறித் தரையில் படுத்துக் குழாயில் வாய் வைத்துக் குடிக்கிறார்கள். திரும்பி நடக்கும்போது பக்கத்தில் சக கைதி டானியேல். முகமெல்லாம் சிமென்ட் தூசி, உதடு வெடித்திருக்கிறது. இவர்கள் குழாயடியில் படுத்திருந்ததை அவன் பார்த்துவிட்டான். விடுதலைக்குப் பிறகு ஒருநாள் கேட்டான்: "நீங்கள் இரண்டு பேர் மட்டும் ஏன்? நான் ஏன் இல்லை?"

மூன்று பேரும் ஒரே சங்கிலியில் கட்டப்பட்டவர்கள். அந்தத் தாகத்துக்கு லெவி பொறுப்பே இல்லை. ஆனாலும் நாற்பது வருடம் கழித்து, பெரிய எழுத்தாளராகிவிட்ட பிறகும், அந்த ஒரு லிட்டர் தண்ணீருக்காக வெட்கப்படுகிறார்.

இப்போது அந்தப் பக்கம் போவோம். கிறிஸ்டோஃபர் பிரௌனிங் என்ற வரலாற்றாசிரியர் 1992 இல் எழுதிய 'ஆர்டினரி மென்'. ஹாம்பர்க்கிலிருந்து போன 101 ஆம் ரிசர்வ் போலீஸ் பட்டாலியனைப் பற்றியது. பெரும்பாலும் குடும்பஸ்தர்கள், நடுத்தர வயது, துறைமுகத் தொழிலாளி, லாரி டிரைவர், குமாஸ்தா என்று இருந்தவர்கள். 1942 ஜூலை 13 விடியற்காலை, போலந்தில் யூசெஃபூஃப் என்ற கிராமம். அங்குள்ள யூதப் பெண்களையும் குழந்தைகளையும் முதியவர்களையும் சுட வேண்டும். பட்டாலியன் தளபதி மேஜர் ட்ராப் அழுதுகொண்டே உத்தரவைச் சொல்லிவிட்டு, மனம் ஒப்பாத வயதானவர்கள் வரிசையிலிருந்து விலகிக்கொள்ளலாம் என்கிறார். கிட்டத்தட்ட 500 பேர் நிற்கிறார்கள். விலகியவர்கள் ஒரு டஜன். அன்று 1,500 பேரையாவது சுட்டுக் கொன்றார்கள்.

விலகிய அந்த டஜன் பேருக்கு என்ன ஆனது? ஒன்றும் ஆகவில்லை. துப்பாக்கியைக் கொடுத்துவிட்டு வேறு வேலைக்குப் போனார்கள், கோழை என்று திட்டு வாங்கினார்கள். ஒரு லெப்டினன்ட் முந்தின ராத்திரியே என்னால் முடியாது என்று சொல்லி வேறு பொறுப்பு வாங்கிக்கொண்டார், பிறகு ஹாம்பர்க்குக்கே மாற்றலாகிப் போனார். போருக்குப் பின் நடந்த நூற்றுக்கணக்கான வழக்குகளில், நிராயுதபாணிகளைச் சுட மறுத்ததற்காக ஒருவனுக்குக் கடும் தண்டனை கிடைத்தது என்று ஒரு வக்கீலால்கூட நிரூபிக்க முடியவில்லை என்கிறார் பிரௌனிங். "மறுத்தால் சுட்டிருப்பார்கள்" என்று சொல்கிறவர்கள் தயவுசெய்து இந்தப் பக்கங்களைப் படியுங்கள்.

அதே புத்தகத்தில் ஒரு உலோகத் தொழிலாளியின் வாக்குமூலம் வருகிறது. அவர் குழந்தைகளை மட்டும்தான் சுட்டாராம். பக்கத்தில் நின்றவன் தாயைச் சுட்டுவிட்டான், தாய் இல்லாமல் குழந்தை எப்படியும் பிழைக்காது, அதனால் அதைச் சுடுவது அதற்கு நல்லதுதானே என்று மனதைத் தேற்றிக்கொண்டாராம். ஓல்காவின் வார்த்தைகளை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். என் கோபம் எங்கிருந்து வருகிறது என்று புரியும்.

வழி இருந்தவர்களில் நல்லது செய்தவர்களும் இருந்தார்கள். லெவிக்கு ஆறு மாதம் தினமும் சூப் கொண்டுவந்து கொடுத்த, கைதி அல்லாத கொத்தனார் லோரென்சோ ஒருவர். அதிகம் படிக்காதவர், அதிகம் பேசாதவர். ஒருநாள் சூப்பில் மண் கிடந்தது. அழுக்காக இருக்கிறது, மன்னித்துக்கொள் என்று மட்டும் சொன்னார். வருகிற வழியில் பக்கத்தில் குண்டு விழுந்து, பாத்திரம் மண்ணில் புதைந்து, அவருடைய செவிப்பறையும் கிழிந்திருந்தது. அதைச் சொன்னால் லெவி சங்கடப்படுவான் என்று சொல்லவில்லை. பிடிபட்டால் தானும் முகாமுக்குள் போக வேண்டியதுதான் என்று தெரிந்தே செய்தார். லெவி தன் மகளுக்கும் மகனுக்கும் இவர் பெயரைச் சேர்த்துத்தான் பெயர் வைத்தார்.

இத்தனைக்கும் நடுவில் எனக்கு இன்னும் விடை தெரியாத ஒருவர் இருக்கிறார். ட்ரெப்ளிங்கா முகாமின் தளபதி ஷ்டாங்கலின் மனைவி தெரேசா. பத்திரிகையாளர் கிட்டா செரெனி 1971 இல் ஷ்டாங்கலை டூசல்டார்ஃப் சிறையில் சந்தித்துப் பேட்டி எடுத்தார். அப்புறம் பிரேசிலுக்குப் போய் தெரேசாவையும் பார்த்தார். 'இன்டூ தட் டார்க்னஸ்' என்ற அந்தப் புத்தகம் 1974 இல் வந்தது. கணவன் செய்யும் வேலை என்ன என்பது தெரேசாவுக்கு 1942 இலேயே தெரிந்துவிட்டது. அவனோடு வேலை பார்த்த ஒருவன் குடிபோதையில் உளறிவிட்டான். கணவனை உலுக்கி எடுத்தார். தனக்குக் கட்டட வேலை மட்டும்தான் என்று அவன் சாதித்தான். அதற்குப் பிறகும் குடும்பம் நடந்தது, இன்னொரு குழந்தையும் பிறந்தது.

செரெனி அவரிடம் கேட்கிறார்: "ட்ரெப்ளிங்காவா, நானா என்று நீங்கள் கேட்டிருந்தால் அவர் எதைத் தேர்ந்தெடுத்திருப்பார்?" தெரேசா உள்ளே போய் ஒரு மணி நேரத்துக்கு மேல் வரவில்லை. அழுது முடித்து வந்து, கடைசியில் அவர் என்னைத்தான் தேர்ந்தெடுத்திருப்பார் என்கிறார். பிறகு செரெனி தங்கியிருந்த ஓட்டலுக்கு ஒரு கடிதம் வருகிறது. கணவர் தன்னையோ குடும்பத்தையோ அழித்துக்கொண்டிருக்க மாட்டார் என்று சொல்லி, முதலில் சொன்னதை அதில் மாற்றிவிடுகிறார்.

எது உண்மை? நான் முதல் பதிலைத்தான் நம்புகிறேன். அவர் கேட்டிருந்தால் ட்ரெப்ளிங்கா நின்றிருக்காது, வேறொரு தளபதி வந்திருப்பான். ஆனால் அந்த வீட்டில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று இருந்தது, கேட்கக்கூடிய ஆள் ஒருவர் இருந்தார், அதைக் கேட்டால் அவர் உயிர் போயிருக்காது. பெரெகோத்னிக்குக்கும் ஓல்காவுக்கும் இதில் எதுவுமே கிடைக்கவில்லை. அடுத்த முறை "ஏன் எதிர்க்கவில்லை" என்று கேட்கத் தோன்றினால், அந்தக் கேள்வியை இந்த வீட்டு வாசலில் போய்க் கேளுங்கள்.

எங்கே தொடங்கலாம் என்று உள்பெட்டியில் சிலர் கேட்டிருந்தீர்கள். லெவியில் தொடங்குங்கள். அடுத்து பிரௌனிங், அதற்கடுத்து செரெனி. சியெராகோவியாக்கின் நாட்குறிப்பைக் கல்லூரி போகும் பிள்ளைகளுக்கும் தாராளமாகக் கொடுக்கலாம், அவர்கள் வயதுப் பையன் எழுதியது. வீட்டில் சின்னக் குழந்தை இருக்கிறவர்கள் பெரெகோத்னிக்கைக் கொஞ்சம் தள்ளிப்போடுங்கள், ஆனால் விட்டுவிடாதீர்கள். வதைமுகாமில் மலர்ந்த காதல் என்கிற மாதிரி அட்டை போட்டு வரும் நாவல்களை எல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். அவற்றைப் படிக்கும்போது நாமும் நல்லவர்கள் பக்கம்தான் நின்றிருப்போம் என்ற நிம்மதி வந்துவிடுகிறது. யூசெஃபூஃபில் அன்று காலை வரிசையை விட்டு விலகியவர்கள் 500 இல் ஒரு டஜன் பேர்தான்.