விசுவாசமா, பேரமா?
ஆஸ்திரேலிய ரக்பி லீக் நிர்வாகி கென் ஆர்தர்சனைப் பற்றிய இந்தக் கட்டுரையில் ஒன்றை ஏற்க முடியவில்லை. ஊடக முதலாளி மர்டாக்கின் நிறுவனம் 'சூப்பர் லீக்' என்ற போட்டி லீக்குக்காக ஆட்டக்காரர்களை இழுத்த 1995 சண்டையில், அவர் 'பணத்துக்கு எதிராக விசுவாசத்தின் பக்கம் நின்றார்' என்று அது சொல்கிறது. அவர் சிட்னியின் மேன்லி அணியில் ஹாஃப்பேக் என்ற இடத்தில் ஆடியவர். தலையில் பட்ட அடியால் ஆட்ட வாழ்க்கை சீக்கிரமே முடிந்தது. பிறகு பயிற்சியாளராக 1957, 1959 இறுதி ஆட்டங்களுக்கு அணியைக் கொண்டுபோய் இரண்டிலும் செயின்ட் ஜார்ஜ் அணியிடம் தோற்றார். 1963இல் கிளப்பின் செயலாளர் ஆனதும் அவர் கையாண்ட வழி என்ன? அடுத்த கிளப்பின் நல்ல ஆட்டக்காரர்களைக் கூடுதல் காசு கொடுத்துக் கூட்டி வந்ததுதானே! பணமுடையில் இருந்த சவுத் சிட்னி கிளப்பிலிருந்து ஜான் ஓ'நீல், ரே பிரானிகன் வந்தார்கள். 1972இல் மேன்லிக்கு முதல் கோப்பை கிடைத்தது. 1980இல் வெஸ்டர்ன் சபர்ப்ஸ் (வெஸ்ட்ஸ்) கிளப்பின் லெஸ் பாய்ட், ஜான் டோரஹி, ரே பிரவுன் மூவரையும் ஒரே மூச்சில் அள்ளினார்கள். வெஸ்ட்ஸ் ரசிகர் யாரிடமாவது விசுவாசம் பற்றிக் கேட்டுப் பாருங்கள், நல்ல பதில் கிடைக்கும். மர்டாக்கின் நியூஸ் லிமிடெட் 1995இல் செய்ததும் அதே வேலைதான், அளவுதான் பெரிது. எதிர்த்து நின்ற ஏ.ஆர்.எல்., அதாவது ஆர்தர்சன் தலைமையிலான ஆஸ்திரேலிய ரக்பி லீக் அமைப்பு, மட்டும் சும்மா இருந்ததா? மர்டாக்கின் போட்டியாளரான ஊடக முதலாளி கெரி பேக்கர் தரப்புப் பணத்தை வைத்து அதுவும் ஆட்டக்காரர்களுக்குப் பெருந்தொகை கொடுத்துத்தான் ஒப்பந்தம் போட்டது. கட்டுரைக்குக் கருத்து எழுதிய ஒரு நண்பர், 'ஆடியவர் நிர்வாகத்துக்கு வந்தால் ஆட்டக்காரர் வலி தெரியும்' என்கிறார். தெரிந்திருக்கலாம். ஆனால் ஆர்தர்சனுக்கு நன்றாகத் தெரிந்தது ஆட்டக்காரரின் விலை. அவருடைய திறமையே அதுதான், அதைக் குறையாகச் சொல்லவில்லை. கட்டுரை அதை மறைப்பதுதான் உறுத்துகிறது.