கப்பி ஆலனால் மறுக்க முடிந்தது, லார்வுட்டால் முடியவில்லை

"அந்தக் காலத்தில் காசுக்காகவா கிரிக்கெட் ஆடினார்கள்?" என்று ஏக்கத்தோடு எழுதப்படும் பதிவுகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. காசு வாங்காமல் ஆட அன்றைய இங்கிலாந்தில் யாரால் முடிந்தது?

கப்பி ஆலனை எடுத்துக்கொள்ளுங்கள். 1902இல் சிட்னியில் பிறந்தவர். சிறுவயதிலேயே குடும்பத்தோடு இங்கிலாந்து வந்து வசதியானவர்கள் படிக்கும் ஈட்டன் பள்ளியிலும் கேம்பிரிட்ஜிலும் படித்தார். பின்னாளில் லண்டனில் பங்குத் தரகர். மிடில்செக்ஸ் கவுன்டி அணிக்கும் இங்கிலாந்துக்கும் வேகப்பந்து வீசிய அமெச்சூர், அதாவது சம்பளம் வாங்காமல் ஆடியவர். வேலை போக மீதி நேரத்தில்தான் கிரிக்கெட். 1921 முதல் ஏறத்தாழ முப்பது வருடம் ஆடியும் முதல்தர ஆட்டங்கள் 265தான். சம்பளத்துக்கு ஆடிய இங்கிலாந்து வேகப்பந்து வீச்சாளர் ஹரால்ட் லார்வுட் பதினைந்தே சீசன்களில் 361 ஆடிவிட்டார்.

ஆலனின் திறமையில் எனக்குச் சந்தேகமே இல்லை. 1929இல் லார்ட்ஸில் லங்காஷயருடன் ஆட்டம். வேலையை முடித்துவிட்டுத் தாமதமாக வந்ததால் புதுப் பந்து அவர் கைக்கு வரவில்லை. ஆனாலும் 40 ரன் கொடுத்து பத்து விக்கெட்டையும் அவரே எடுத்தார். என்ன ஒரு பந்துவீச்சு! ஆனால் சம்பளத்துக்கு ஆடும் ஒருவர் "ஆபீஸில் வேலை இருந்தது" என்று சொல்லிவிட்டு அப்படி வந்து நிற்க முடியுமா?

அப்புறம் 1932-33 ஆஸ்திரேலியப் பயணம், பாடிலைன் தொடர். லெக் சைடில் ஆட்களைக் குவித்து உடம்பைக் குறிவைத்து வீசச் சொன்னார் கேப்டன் ஜார்டின். ஆலன் முகத்துக்கு நேரே மறுத்தார். மறுத்தும் அணியில் நீடித்தார். பிரச்சினை உச்சத்துக்குப் போன அடிலெய்டு டெஸ்டில், அந்த உத்தி இல்லாமலேயே எட்டு விக்கெட் எடுத்தார். இதை நான் மனதார மதிக்கிறேன்.

ஆனால் லார்வுட்? பதினான்கு வயதில் நாட்டிங்ஹாம்ஷயர் நிலக்கரிச் சுரங்கத்தில் குதிரைகளோடு வேலை செய்தவர். கிரிக்கெட்தான் சோறு போட்டது. கேப்டன் சொன்னதை வீசினார், 33 விக்கெட் எடுத்துத் தொடரை வென்று கொடுத்தார். ஊர் திரும்பியதும் மன்னிப்புக் கேட்கும்படி நெருக்கினார்கள். உத்தரவு போட்டது கேப்டன், நான் எதற்குக் கேட்க வேண்டும் என்று மறுத்துவிட்டார். இங்கிலாந்துக்கு அதற்குப் பிறகு அவர் ஆடவே இல்லை. ஜார்டினோ அடுத்த இந்தியப் பயணத்துக்கும் கேப்டனாகப் போனார்.

ஆலனின் மறுப்பை நியாயத்தின் குரலாக மட்டும் பார்ப்பவர்கள், அவர் வீட்டுக்கு எழுதிய கடிதங்களையும் பார்க்க வேண்டும். ஜார்டினைத் திட்டிய அதே பேனா, லார்வுட்டையும் அவரோடு வேகப்பந்து வீசிய வோஸையும் படிக்காத சுரங்கக்காரர்கள் என்று இளக்காரமாக எழுதியது. ஒரே அணி, ஒரே கப்பல் பயணம், ஆனாலும் அந்தப் பார்வை மாறவில்லை.

மைதானத்திலும் அப்படித்தான். அமெச்சூருக்குத் தனி வாசல், தனி அறை. ஸ்கோர் கார்டில் அமெச்சூருக்கு இனிஷியல் பெயருக்கு முன்னால், சம்பளக்காரருக்குப் பின்னால். 1950இல் லார்ட்ஸில், சம்பளத்துக்கு ஆடிய இளைஞர் ஃப்ரெட் டிட்மஸின் இனிஷியல் தவறிப்போய் முன்னால் அச்சாகிவிட்டது என்று ஒலிபெருக்கியில் திருத்தம் சொன்னார்கள். ஆடுகளத்துக்கு நடந்து போகிற பையனுக்கு அது எப்படி இருந்திருக்கும்! இந்தப் பாகுபாட்டை 1962 நவம்பரில்தான் ஒழித்தார்கள்.

அமெச்சூர் என்றால் ஆட்டத்தின் மேல் அதிகக் காதல் என்று நினைப்பது தவறு. லார்வுட்டுக்கு என்ன காதல் குறைவு? ஆலனுக்குப் பின்னால் குடும்பமும் படிப்பும் வேறொரு வருமானமும் இருந்தன. கேப்டனிடம் முடியாது என்று சொன்னாலும் அவர் வீட்டில் அடுப்பு எரியும்.

பிறகு ஆலன் தேர்வுக்குழுத் தலைவரானார், கிரிக்கெட் விதிகளை வகுக்கும் எம்.சி.சி. கிளப்பின் தலைவரானார், 1986இல் சர் பட்டமும் வந்தது. பிளாக்பூலில் மிட்டாய்க்கடை வைத்துப் பிழைத்த லார்வுட், 1950இல் குடும்பத்தோடு ஆஸ்திரேலியாவுக்கே குடிபெயர்ந்தார். எந்த நாட்டு ரசிகர்கள் அவரை வெறுத்தார்களோ அவர்களே அவரை வரவேற்றார்கள். இங்கிலாந்து அவருக்கு எம்.பி.ஈ. என்ற அரச விருது கொடுத்தது 1993இல். அப்போது அவருக்கு வயது 88, கண்பார்வையும் போயிருந்தது. அறுபது வருடம் தாமதம். இதை என்னால் ஏற்க முடியவில்லை.