'தி பிராட்வே ஆல்பம்' வெறும் நகல் பாட்டுத் தொகுப்பு அல்ல
அமெரிக்கப் பாடகி-நடிகை பார்ப்ரா ஸ்ட்ரைசாண்ட், நியூயார்க்கின் பிராட்வே இசை நாடகப் பாட்டுகளைப் பாடிய 'தி பிராட்வே ஆல்பம்' (1985) பற்றி ஒருவர், "விற்பனை சரிந்ததும் கம்பெனி சொன்னபடி பழைய மேடைப் பாட்டுகளை அப்படியே பாடிக் கொடுத்தார்" என்று எழுதியிருக்கிறார். முந்தைய ஆண்டு வந்த அவருடைய 'எமோஷன்' ஆல்பம் பெரிதாக ஓடவில்லை என்பது சரி. மற்றது தவறு.

இந்த ஆல்பத்தை விரும்பியவர் ஸ்ட்ரைசாண்ட்தான். பாப் ரசிகர்கள் வாங்குவார்களா என்று தயங்கியது அவருடைய இசைத்தட்டுக் கம்பெனியான கொலம்பியா. அவருக்கு இந்தப் பாட்டுகள் அந்நியமும் அல்ல. 1962-லேயே பிராட்வே மேடையில் பாடி நடித்தவர். அவர் நடித்த 'ஃபன்னி கேர்ள்' இசை நாடகம் அதற்கு இரண்டு வருடம் கழித்து.

"அப்படியே" என்பதுதான் பெரிய தவறு. 'புட்டிங் இட் டுகெதர்' மூல நாடகத்தில் தன் கலைப்படைப்புக்குப் பணம் திரட்ட அலையும் கலைஞனின் பாட்டு. அதை எழுதி இசையமைத்த ஸ்டீபன் சாண்ட்ஹைமே அதன் வரிகளை இசைத்தட்டுத் தொழிலுக்குப் பொருந்தும்படி மாற்றி எழுதினார். தொடக்கத்தில் "இது விற்காது" என்கிற தொனியில் அதிகாரிகளின் குரல்கள் வரும், கேட்டுப் பாருங்கள். தன்னுடைய 'சென்ட் இன் தி க்ளவுன்ஸ்' பாட்டுக்கும் ஸ்ட்ரைசாண்ட் கேட்டதால் புதிய வரிகள் எழுதிக் கொடுத்தார். எழுதியவரே உயிரோடு உட்கார்ந்து திருத்திய பாட்டுகளை நகல் என்று எப்படிச் சொல்வது? அப்புறம், 'சம்வேர்' பாட்டை இசைத் தயாரிப்பாளர் டேவிட் ஃபாஸ்டர் சிந்தசைசர் ஒலியில் புதிதாகவே கட்டியிருக்கிறார். அந்த இசைக்கோர்ப்புக்கு கிராமி விருது கிடைத்தது. ஸ்ட்ரைசாண்டுக்கும் சிறந்த பெண் பாப் குரலுக்கான கிராமி வந்தது. 1986 ஜனவரியில் ஆல்பம் அமெரிக்காவின் பில்போர்டு ஆல்பப் பட்டியலில் முதலிடம்.